ஒரே நீரிணையில் தோற்றவரும் வென்றவரும்

பின்லாந்தின் தென்கரையில் கோட்கா என்றொரு துறைமுக நகரம் இருக்கிறது. அதன் எதிரே, பாறைத் தீவுகளுக்கு நடுவில் குறுகலான ஒரு கடற்பரப்பு. சுவீடன்காரர்கள் அதைச் சுவென்ஸ்க்சுண்ட் என்பார்கள். 1789 ஆகஸ்ட் 24 அன்று இங்கே சுவீடனின் கரையோரக் கடற்படை ரஷ்யரிடம் தோற்றது. பதினொரு மாதம்கூட முழுதாக ஆகவில்லை. 1790 ஜூலை 9, 10 தேதிகளில் அதே நீரில், அதே ரஷ்யத் தளபதியான நாசாவ்-சீகன் இளவரசரின் படையைச் சுவீடன் நொறுக்கியது. பால்டிக் கடல் கண்ட போர்களிலேயே மிகப் பெரியது என்று அந்த இரண்டாவது போரைச் சொல்வார்கள்.

முதல் போரில் சுவீடன் படையை நடத்தியவர் கார்ல் ஆகஸ்ட் எரன்ஸ்வார்ட். இரண்டாவதில் அரசர் மூன்றாம் குஸ்தாவின் அருகில் நின்று கப்பல்களை அணிவகுத்துப் போரை நடத்தியவர் கார்ல் உலோஃப் க்ரூன்ஸ்டெட். கதை இத்தோடு நின்றிருந்தால் ஒருவரைத் தோற்றவர் என்றும் மற்றவரை வென்றவர் என்றும் எழுதிவிட்டுப் போயிருக்கலாம். ஆனால் தோற்றவருடைய பெயரைச் சுவீடன் இன்று மரியாதையோடு, அதுவும் கலை வரலாற்றில் வைத்து, சொல்கிறது. வென்றவரோ துரோகி என்று தாய்நாட்டில் மரண தண்டனை விதிக்கப்பட்டவர். இருவருக்கும் இடையில் ஒரு கோட்டை இருக்கிறது. ஹெல்சிங்கிக்கு முன்னால் கடலில் கிடக்கும் தீவுகளின்மேல் எழுந்த ஸ்வேயபோர்க் கோட்டை அது. முதலாமவரின் தந்தை அதைக் கட்டினார். இரண்டாமவர் அதை எதிரியிடம் ஒப்படைத்தார்.

இருவரையும் வீரம், கோழைத்தனம் என்ற தராசில் நிறுப்பதுதான் வழக்கம். அந்தத் தராசு போதாது என்பது என் கருத்து. இவர்கள் எப்போது உயர்ந்தார்கள், எப்போது சரிந்தார்கள் என்று வரிசையாகப் பார்த்தால், அரசர் எவ்வளவு அருகில் இருந்தார் என்ற கேள்வி திறமைக்குச் சமமாக வந்து நிற்கிறது.

எரன்ஸ்வார்ட் 1745-இல் ஸ்டாக்ஹோமில் பிறந்தார். தந்தை ஆகஸ்டின் எரன்ஸ்வார்ட் பீரங்கிப் படை அதிகாரி. ரஷ்யாவிடம் இருமுறை அடி வாங்கிய சுவீடன், பின்லாந்துக் கரைக்கு ஒரு பூட்டு வேண்டும் என்று முடிவெடுத்து, 1748-இல் ஸ்வேயபோர்க்கின் வேலையை அவரிடம் கொடுத்தது. கோட்டை வெறும் மதிலாக நின்றால் போதாது, அதற்குள்ளேயே ஒரு படகுப்படை இருக்க வேண்டும் என்பது ஆகஸ்டினின் எண்ணம். 1756-இல் கரையோரக் கடற்படை பெருங்கப்பல் படையிலிருந்து பிரிந்து, தரைப்படையின் கீழ் தனி அமைப்பாக உருவானது. மகன் வளர்ந்தது இந்தக் கட்டுமானத்தின் நடுவில். கல் உடைக்கும் ஓசைக்கு இடையில் அவருக்கு ஓவியமும் கிடைத்தது. பின்னாளில் பெயர்பெற்ற நிலக்காட்சி ஓவியர் எலியாஸ் மார்ட்டின்தான் ஸ்வேயபோர்க்கில் அவருக்கு வரையக் கற்றுக்கொடுத்தவர்.

க்ரூன்ஸ்டெட் 1756-இல் பிறந்தது ஹெல்சிங்கியை ஒட்டிய பூட்பி என்ற பண்ணை வீட்டில். கடலோரம், கோட்டைத் தீவுகள் வெகுதூரத்தில் இல்லை. அவரிடம் ஓவியமும் இல்லை, தத்துவமும் இல்லை. சிறு வயதிலேயே படையில் சேர்ந்தார். அமெரிக்க விடுதலைப் போர்க் காலத்தில் பிரிட்டிஷ் கடற்படையில் பணியாற்றித் தொழில் கற்றார். கடலைத் தொழிலாகக் கற்றவர் என்ற அளவில் எரன்ஸ்வார்டைவிட இவருக்கே நான் கூடுதல் மதிப்பெண் தருவேன்.

எரன்ஸ்வார்டுக்குக் கடல் போதவில்லை. 1780 முதல் 1782 வரை இத்தாலியில் சுற்றினார். சிற்பி சேர்கெல் அவருக்கு நெருங்கிய நண்பர். திரும்பியதும் ஸ்ட்ரால்சுண்டில் உட்கார்ந்து ‘இத்தாலிப் பயணம்’ என்ற நூலை எழுதினார். 1786-இல் அது அச்சானது. அதே ஆண்டில் நுண்கலைகளின் தத்துவம் பற்றிய நூலும் வந்தது. அழகு வெயிலில் பிறக்கிறது, வடக்கின் குளிர் மனிதனையும் கலையையும் சுருக்கிவிடுகிறது என்பது அவருடைய வாதம். வாதம் சரியோ தவறோ, அதைச் சொன்ன விதம் முக்கியமானது: சிறுசிறு வாக்கியங்கள், சுற்றிவளைக்காத பேச்சு. தெற்கு இத்தாலியின் பேஸ்தும் என்ற இடத்தில் நிற்கும் பழைய கிரேக்கக் கோயில்களின் குட்டையான, பருத்த தூண்கள் அவரை விடவே இல்லை. கார்ல்ஸ்க்ரூனா கப்பல்கட்டும் தளத்துக்கு ஒரு வாயிலை வரைந்தபோது அதே பருத்த தூண்களை அங்கே நிறுத்தினார். அலங்காரம் எதுவும் கிடையாது, கனம் மட்டும். இன்றைய கட்டடக் கலைஞர்கள்கூட அந்த வரைபடத்தைப் பார்த்து வியக்கிறார்கள். மை தொட்டு இரண்டு நிமிடத்தில் கிறுக்கியதுபோல் தோன்றும் அவருடைய கேலிச்சித்திரங்களில் தொப்பை அதிகாரிகளும், கூன் விழுந்த அரசவைக்காரர்களும், சில சமயம் அவரே கூடவும் மாட்டிக்கொள்கிறார்கள். இப்படி ஒருவர் கடற்படைத் தளபதியாக இருந்தார் என்பதே அந்த நூற்றாண்டின் பெருமை என்பேன்.

இவர்கள் போரிட்ட கருவியைப் பார்க்காமல் போரைப் பற்றிப் பேச முடியாது. பின்லாந்துக் கரை என்பது ஆயிரக்கணக்கான தீவுகளும் நீருக்கடியில் மறைந்த பாறைகளும் சேர்ந்த பரப்பு. பெரிய போர்க்கப்பல் அங்கே நுழைந்தால் தரைதட்டிவிடும். கப்பல் வடிவமைப்பாளர் சாப்மன் இதற்கென்றே புது வகைகளை உருவாக்கினார். தூருமா, ஹெம்மேமா, உதேமா, போயாமா என்று பின்லாந்து மாகாணங்களின் பெயர்களையே வைத்தார்கள். எனினும் போரைத் தீர்மானித்தவை அவற்றைவிடச் சிறியவை. பீரங்கிப் படகுகள் என்று சொல்லலாம். சுமார் இருபது மீட்டர் நீளம். முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று என 24 பவுண்டு குண்டு வீசும் இரண்டு பீரங்கிகள். பாய் இருந்தாலும் போர் நேரத்தில் துடுப்புத்தான். தாழ்ந்து கிடப்பதால் எதிரியின் கண்ணுக்கு எளிதில் படாது, குறிவைத்தாலும் குண்டு தலைக்குமேல் போகும். கடல் கொந்தளித்தால் பீரங்கியை அதன் தடத்திலேயே சறுக்கி உள்ளே இறக்கிவிடுவார்கள்; ஆயுதமே படகை நிலைநிறுத்தும் பாரமாகிவிடும். இன்னும் சின்ன வகையில் ஒரே ஒரு பீரங்கி, அதுவும் பின்பக்கம். எதிரிக்கு முதுகைக் காட்டியபடி நெருங்கிச் சுட வேண்டும். ஒற்றைப் படகு கொசு மாதிரி. நூற்றைம்பது சேர்ந்து வந்தால் பெரிய கப்பலும் தப்பாது.

1789 ஆகஸ்டில் எரன்ஸ்வார்டிடம் அந்தக் கூட்டம் போதுமான அளவில் இல்லை. ரஷ்யர் எண்ணிக்கையில் அதிகம். நாசாவ்-சீகன் வடக்கிலிருந்து ஒரு பிரிவையும் தெற்கிலிருந்து ஒரு பிரிவையும் செலுத்தி இடுக்கிபோலப் பிடிக்கப் பார்த்தார். இங்கே நின்றால் சிக்கிக்கொள்வோம், பின்வாங்குவோம் என்று எரன்ஸ்வார்ட் அரசரிடம் சொன்னார். குஸ்தாவ் ஒப்புக்கொள்ளவில்லை. பிரபுக்களிடையே எதிர்ப்பைச் சம்பாதித்து, தானே தொடங்கிய போரில் பின்வாங்கும் செய்தி தலைநகருக்குப் போவதை அவர் விரும்பவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது. அரசர் பக்கத்திலேயே இருந்தார். ஆகவே தளபதியால் செய்ய முடிந்தது ஒன்றுதான். வடக்கு வாயில்களில் கப்பல்களை மூழ்கடித்து அடைத்தார். படையைத் தெற்கு நோக்கித் திருப்பி நிறுத்தினார்.

அன்று தெற்கில் நடந்ததை மட்டும் வைத்துப் பார்த்தால் எரன்ஸ்வார்ட் வென்றிருக்கிறார். மணிக்கணக்கான சண்டைக்குப் பிறகு அந்த ரஷ்யப் பிரிவு அடிபட்டுப் பின்னடைந்தது. அதே நேரத்தில் வடக்கில் ரஷ்ய வீரர்கள் மூழ்கிய கப்பல்களை வெட்டியும் இழுத்தும் வழி உண்டாக்கிக்கொண்டிருந்தார்கள். மாலையில் அடைப்பு திறந்தது. சுவீடன் பக்கத்தில் குண்டும் மருந்தும் தீர்ந்துகொண்டிருந்தன. முதுகுப்புறத்தில் புதுப் படை வந்து விழுந்தது. எரன்ஸ்வார்ட் பின்வாங்க உத்தரவிட்டார். பெரிய கப்பல்கள் சில ரஷ்யர் கையில் சிக்கின. கொண்டுபோக முடியாத சரக்குக் கப்பல்களுக்குச் சுவீடன்காரர்களே தீ வைத்தார்கள். எஞ்சிய படை மேற்கே ஸ்வார்ட்ஹோல்ம் கோட்டைப் பக்கம் ஒதுங்கியது. தளபதி பொறுப்பைத் துறந்தார். முன்கூட்டியே எச்சரித்தவர் என்பதால் அவர்மீது பழி நிரந்தரமாக ஒட்டவில்லை.

அடுத்த ஆண்டு ஜூன் மாதம் குஸ்தாவே தன் இரு கடற்படைகளையும் வீபோரி வளைகுடாவுக்குள் கொண்டுபோய் ஒரு மாதம் அடைபட்டுக் கிடந்தார். ஜூலை 3 அன்று ரஷ்ய வரிசையை உடைத்துக்கொண்டு வெளியேறினார்கள். பெருங்கப்பல்களில் ஏழு போயின. கரையோரப் படை சிதறிச் சுவென்ஸ்க்சுண்டை அடைந்தது. அங்கே காத்திருந்தார் க்ரூன்ஸ்டெட். அவருடைய பிரிவு வீபோரிக்கு வந்துசேர முடியாமல் இங்கேயே தங்கியிருந்தது. அந்தத் தாமதமே நாட்டைக் காப்பாற்றியது. அடிபடாத படகுகளும் களைக்காத ஆட்களும் அரசருக்குக் கிடைத்தார்கள். எரன்ஸ்வார்டுக்குப் பின் வந்த தளபதியும் விலகிவிட, 33 வயது க்ரூன்ஸ்டெட் அரசரின் கொடிக் கப்பல் தளபதியானார்.

இந்த முறையும் இங்கேயே நின்று போரிடுவது என்பது குஸ்தாவின் முடிவு. இடம் அதே, பிடிவாதம் அதே. மாறியது என்ன? சுமார் 150 பீரங்கிப் படகுகள் இப்போது கையில் இருந்தன. நிறுத்திய விதம் வேறு. தீவுகளுக்கு நடுவே வளைந்த வரிசையாகப் படையை நங்கூரமிட்டு, இரு சிறகுகளிலும் படகுகளைக் குவித்து, சிலவற்றைத் தீவுகளின் மறைவில் வைத்தார் க்ரூன்ஸ்டெட். நாசாவ்-சீகனிடம் 18,500 பேர், சுவீடனிடம் 12,500 பேர். ஜூலை 9 என்பது பேரரசி கேத்தரின் அரியணையேறிய நாள். அந்த நாளுக்குப் பரிசாக வெற்றியைக் கொடுக்க நினைத்து ரஷ்யத் தளபதி அவசரப்பட்டார். தென்மேற்குக் காற்று ஏறிக்கொண்டே வந்தது. துடுப்பு வலித்துக் களைத்த ரஷ்யப் படகுகள் வளைவுக்குள் ஒன்றன்மேல் ஒன்றாக நெருங்கின. மறைவிலிருந்த சுவீடன் படகுகள் பக்கவாட்டில் புகுந்தபோது ரஷ்யச் சிறுபடகுகள் கலைந்தன. அவற்றின் பாதுகாப்பை இழந்த பெரிய கப்பல்கள் அலைக்கும் பாறைக்கும் நடுவில் மாட்டின. மறுநாள் காலை வரை வேட்டை நீண்டது. ரஷ்யா ஐம்பதுக்கும் மேற்பட்ட கலங்களையும் ஆயிரக்கணக்கான ஆட்களையும் இழந்தது. சுவீடனின் இழப்பு சில கப்பல்களும் சுமார் 300 பேரும். அன்று மூழ்கிய புனித நிக்கோலாய் என்ற ரஷ்யப் போர்க்கப்பலைக் கோட்கா அருகே 1948-இல் கண்டெடுத்தார்கள். ஆகஸ்ட் 14 அன்று வெரெலேயில் சமாதானம் கையெழுத்தானது. சுவீடன் ஒரு துண்டு நிலம்கூட விட்டுக்கொடுக்கவில்லை.

முந்தைய ஆண்டு இதே படகுக் கூட்டத்தை எரன்ஸ்வார்டிடம் கொடுத்திருந்தால் அவரும் வென்றிருப்பாரா? படையை அடுக்கிய நுட்பத்தில் க்ரூன்ஸ்டெட்டுக்கு ஈடாக அவர் எதையும் காட்டவில்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆயினும் க்ரூன்ஸ்டெட்டுக்கு இன்னொரு வசதி இருந்தது. நிற்பதா போவதா என்ற முடிவின் சுமை அன்று அவர் தோளில் இல்லை. அதை அரசர் ஏற்றிருந்தார். எப்படி நிற்பது என்பதை மட்டும் அவர் பார்த்தால் போதும். அதில் அவரை மிஞ்ச ஆளில்லை.

1792 மார்ச்சில் ஓப்பரா மாளிகை முகமூடி நடனத்தில் குஸ்தாவ் சுடப்பட்டு, அந்த மாத இறுதியில் இறந்தார். புதிய ஆட்சியில் எரன்ஸ்வார்டுக்குக் கடற்படையின் தலைமைப் பொறுப்பு கிடைத்தது. இரண்டு ஆண்டுகளில் விட்டுவிட்டார். பிறகு நண்பர்களுக்கும் மனைவி சோஃபியாவுக்கும் எழுதிய கடிதங்கள், சித்திரங்கள், அழகு பற்றிய விவாதங்கள் என்று நாட்கள் போயின. 1800 மே மாதம் ஓரெப்ரூவில் இறந்தபோது வயது 55.

க்ரூன்ஸ்டெட் நிர்வாகத்தில் உயர்ந்தார். வைஸ் அட்மிரல் ஆனார். ஆனால் புதிய அரசர் நான்காம் குஸ்தாவ் அடால்ஃபோடு ஒத்துப்போகவில்லை. 1801-இல் ஸ்வேயபோர்க்கின் தளபதியாக அனுப்பப்பட்டார். தலைநகரத்தின் மையத்தில் இருந்தவருக்கு அது ஒதுக்கிவைப்புத்தான். பிறந்த ஊர்ப்பக்கம் திரும்பினார், மனக்கசப்போடு.

அங்கே தினமும் அவர் கண்ணில் பட்டது எரன்ஸ்வார்ட் குடும்பம். ஆகஸ்டினின் உடல் கோட்டையின் பெரிய முற்றத்தில் அடக்கம் செய்யப்பட்டிருந்தது. நினைவுச் சின்னத்துக்கு மூன்றாம் குஸ்தாவே யோசனை தந்தார், மகன் கார்ல் ஆகஸ்ட் வரைந்தார், சேர்கெல் செய்தார். கல்பேழையின்மேல் வெண்கல வாள், கேடயம், பழங்கால வீரனின் தலைக்கவசம். கோட்டைத் தளபதியின் வீடு இருந்ததும் அதே முற்றத்தில். தீவின் தென்முனையில் அரச வாயிலில், பின்வரும் தலைமுறை தன் காலில் நிற்க வேண்டும், அந்நியர் உதவியை நம்பக் கூடாது என்ற பொருளில் கட்டியவர் ஒரு வாசகம் பொறித்துவைத்திருந்தார்.

1808 பிப்ரவரி 21 அன்று ரஷ்யப் படை பின்லாந்துக்குள் நுழைந்தது. மார்ச் தொடக்கத்தில் ஹெல்சிங்கி அவர்கள் வசம். கடல் உறைந்திருந்தது. கடல்வழி வரும் எதிரிக்காகக் கட்டிய கோட்டைக்குக் குளிர்காலத்தில் பனிக்கட்டியின்மேல் நடந்துவரும் எதிரி பெரிய பலவீனம். உள்ளே ஏழாயிரம் பேர் அளவில் காவல்படை, நூற்றுக்கணக்கான பீரங்கிகள், நூற்றுக்கும் மேற்பட்ட கரையோரப் படைக்கலங்கள். முற்றுகையிட்ட ரஷ்யர் அவர்களைவிடப் பெரிய கூட்டம் அல்லர். வசந்தம்வரை தாங்க வேண்டும், பனி உருகியதும் சுவீடனிலிருந்து கப்பல்கள் வரும் என்பது திட்டம். கோட்டை போகும் நிலை வந்தால் படகுகளை எரித்துவிட வேண்டும் என்பது உத்தரவு.

ரஷ்யத் தளபதி சுக்டெலன் பீரங்கியைவிடப் பேச்சையும் செய்தியையும் நன்றாகப் பயன்படுத்தினார். தேர்ந்தெடுத்த பத்திரிகைகள் உள்ளே போயின. சுவீடன் எல்லாப் பக்கமும் தோற்கிறது என்ற வதந்திகள் போயின. அதிகாரிகளின் குடும்பத்தார் வாயிலாகக் கலக்கம் பரவியது. வெடிமருந்து தீர்ந்துவிடும் என்ற அச்சமும், மதிலுக்குள் சிக்கிய பெண்களையும் குழந்தைகளையும் பற்றிய கவலையும் தளபதியை அரித்தன. கர்னல் யேகர்ஹூர்ன் போன்றோர் பேச்சுவார்த்தைக்குத் தள்ளினார்கள். ஏப்ரல் 6 அன்று உடன்பாடு கையெழுத்தானது. மே 3 நண்பகலுக்குள் குறைந்தது ஐந்து பெரிய போர்க்கப்பல்கள் உதவிக்கு வந்துசேராவிட்டால் கோட்டை ரஷ்யாவுக்கு. பிணையாகச் சில தீவுகள் உடனடியாகவே கைமாறின. ஸ்டாக்ஹோமுக்குச் செய்தி கொண்டுபோன தூதர்கள் ரஷ்யரின் இடையூறுகளைத் தாண்டிப் போய்ச்சேர்ந்தபோது நாள் கடந்துவிட்டது. மே 3 அன்று ஸ்வேயபோர்க் விழுந்தது.

லஞ்சம் வாங்கினார் என்ற குற்றச்சாட்டு அவர்மேல் உண்டு. என்னால் அதை நம்ப முடியவில்லை. 51 வயது மனிதர், தன்னை ஒதுக்கிய அரசர்மேல் நம்பிக்கை இழந்தவர், பனியால் துண்டிக்கப்பட்ட தீவில் தனியாக முடிவெடுக்க நேர்ந்தது. சுவென்ஸ்க்சுண்டில் நிற்கச் சொல்ல ஓர் அரசர் அருகில் இருந்தார். எரன்ஸ்வார்டுக்கு அந்த அருகாமை கேடாக முடிந்தது, இவருக்கு வரமாக முடிந்தது. ஸ்வேயபோர்க்கில் யாருமில்லை. ஏப்ரல் உடன்பாட்டின் நிபந்தனையையே பாருங்கள்: ஐந்து கப்பல்கள் வந்தால் கோட்டை சுவீடனுக்கு, வராவிட்டால் ரஷ்யாவுக்கு. முடிவைத் தன் கையிலிருந்து இறக்கி ஸ்டாக்ஹோமிடமும் உருகும் பனியிடமும் கொடுத்துவிட்டார். அரச வாயிலின் வாசகத்தைக் கடந்து நடந்த ஒருவர் இதற்குக் கையெழுத்திட்டார் என்பது வேதனையானது.

இதுவரை அவர் பக்கம் நின்று பேச முடிகிறது. படகுகள் விஷயத்தில் முடியவில்லை. தோல்வி உறுதியான மாலையில், பீரங்கிக் குண்டு விழுந்துகொண்டிருந்தபோது, எரன்ஸ்வார்டின் ஆட்கள் சரக்குக் கப்பல்களை எரித்துவிட்டே போனார்கள். க்ரூன்ஸ்டெட்டுக்கு எழுத்தில் உத்தரவு இருந்தது. ஏப்ரல் 6-க்கு முன்னால் அவகாசமும் இருந்தது. கையெழுத்திட்ட பிறகு எதையும் தொடக்கூடாது என்ற கட்டுப்பாடு வந்துவிட்டது. ஆக, படகுகள் பறிபோனது மே மாதத்தில் அல்ல, பேனா தாளில் பட்ட கணத்தில். அந்தப் படகுகளை அவரைவிட நன்றாக அறிந்தவர் சுவீடனில் யாருமில்லை. பின்லாந்துத் தீவுகளுக்கு நடுவில் அவை என்ன செய்யும் என்பதை 1790-இல் உலகுக்குக் காட்டியவரே அவர்தான்.

1809 செப்டம்பர் 17 அன்று, சுவென்ஸ்க்சுண்டுக்கு அருகிலுள்ள ஃப்ரெட்ரிக்ஸ்ஹாம்னில், சுவீடன் பின்லாந்தை ரஷ்யாவுக்கு எழுதிக்கொடுத்தது. அதே ஆண்டு மார்ச்சிலேயே நான்காம் குஸ்தாவ் அடால்ஃபைச் சொந்த அதிகாரிகள் அரியணையிலிருந்து இறக்கியிருந்தார்கள். க்ரூன்ஸ்டெட் சுவீடனுக்குத் திரும்ப முடியாதவராக, ரஷ்ய ஆட்சியின் கீழ் ஹெல்சிங்கிக்குக் கிழக்கே ஹெர்ட்டோனியெமி மாளிகையில் வாழ்ந்து 1820-இல் இறந்தார். 1848-இல் கவிஞர் ரூனெபெரி வெளியிட்ட தொகுப்பில் ஸ்வேயபோர்க்கைப் பற்றி ஒரு பாடல் உண்டு. அதில் தளபதியின் பெயரே கிடையாது. பரம்பரைக்கு அவமானம் சேரக் கூடாது என்று கவிஞர் வேண்டுமென்றே மறைத்தார். பின்லாந்தில் பள்ளிக்கூடம்தோறும் அந்தத் தொகுப்பைப் படித்தார்கள். பெயர் இல்லாமலே எல்லோருக்கும் அவர் யார் என்று தெரிந்திருந்தது. 1790 ஜூலையில் கோட்கா எதிரே அவர் செய்தது பலருக்குத் தெரியாமல் போயிற்று.